இரண்டு ராத்தல் பத்து அவுன்ஸ்

3 செப்டம்பர் 1956, திங்கள்

டாக்டர் டெம்ப்சி அம்மா ஜனவரி மாதம் எங்கள் ஆஸ்பத்திரி நர்சுகள் எல்லாருக்கும் ஆளுக்கொரு நோட்டுப் புத்தகம் கொடுத்தார். தினமும் எழுத வேண்டும் என்றார். "பாத்தத எழுதுங்க. நெனச்சத எழுதாண்டாம். நெனப்பு தானா வந்து உக்காந்துக்கிடும்." மற்றவர்கள் அதில் சலவைக்குப் போட்ட துணிகளை எழுதி வைக்கிறார்கள். நான் எட்டு மாதம் பெட்டிக்கு மேலேயே வைத்திருந்தேன். இன்றைக்கு எடுத்திருக்கிறேன்.

காரணம், இன்றிலிருந்து எனக்குச் சின்ன அறையில் வேலை. மாதம் ஆகாமல் பிறக்கிற பிள்ளைகளுக்கான அறை அது. டாக்டர் டெம்ப்சி அயர்லாந்திலிருந்து வந்து சேர்ந்த 1950-இல் முதல் வேலையாக அதைத்தான் திறந்தார். அங்கே மட்டும் போட வேண்டாம் என்று நான் ஆறு வருடமாகச் சொல்லி வந்திருக்கிறேன். இப்போது ஆள் இல்லை.

அறையில் ஒரே பிள்ளை. சனிக்கிழமை பிறந்த பெண். தாய் இசக்கியம்மாள், தூத்துக்குடிக்குத் தெற்கே உப்பளத்தில் வேலை. பாத்தியில் உப்பு வாரும்போது வலி கண்டு, கொட்டகையிலேயே ஏழாம் மாதத்தில் பெற்றுவிட்டாள். புருஷன் சுடலைமுத்து பிள்ளையை ஓலைப்பெட்டியில் தன் துண்டை விரித்து வைத்து, உப்பு வண்டியில் கொண்டுவந்தான். ஆயா சொர்ணம் பெட்டியை வாங்கிக்கொண்டு, "மீனு கொண்டாந்திருக்கான்னுல்லா நெனச்சேன்" என்றாளாம். வார்டில் எல்லாரும் இப்போது பிள்ளையைப் பெட்டிப்பிள்ளை என்கிறார்கள்.

சனிக்கிழமை எடை இரண்டு ராத்தல் பத்து அவுன்ஸ், ராத்தலுக்குப் பதினாறு அவுன்ஸ் கணக்கில். இன்று இரண்டு ராத்தல் ஒன்பது.


6 செப்டம்பர், வியாழன்

இரண்டு ராத்தல் ஏழு. முதல் வாரத்தில் இறங்கத்தான் செய்யும், பிறகு ஏற வேண்டும் என்றார் டாக்டர்.

திங்களும் வியாழனும் எடை பார்க்கும் நாள். பிள்ளையைக் குளிரில் அவிழ்க்கக் கூடாது என்பதால், போர்த்திய பிளானல் துணியோடு தராசில் கிடத்தி, துணிக்கு ஆறு அவுன்ஸ் கழிப்போம். துணிகள் எல்லாம் ஒரே அளவு. வெட்டித் தைப்பது நான். எல்லாம் சரியாக ஆறு அவுன்ஸ். இது டாக்டர் டப்ளினில் வேலை பார்த்தபோது கண்டுபிடித்த முறை.

சொர்ணம் வெந்நீர்ப் புட்டி மாற்றும்போது என் காதருகே வந்தாள். "சிஸ்டரம்மா, ஒரு இரும்புத் துண்டு பிள்ளகிட்ட வச்சா காத்து கருப்பு அண்டாதுல்லா."

"ஆஸ்பத்திரியில இந்தப் பேச்சு பேசக் கூடாது" என்று அதட்டினேன்.

சொர்ணம் இதை முன்பும் ஒரு தடவை சொல்லியிருக்கிறாள். அப்போதும் அதட்டினேன்.


8 செப்டம்பர், சனி

மதியம் இரண்டிலிருந்து மூன்று ஓய்வு மணி. அந்த ஒரு மணி நேரம் டாக்டர் டெம்ப்சி எழுதுவார். பழைய காய்ச்சல் அட்டைகளின் பின்பக்கத்தில் பென்சிலால் எழுதுவார். டப்ளின் வாரப் பத்திரிகை ஒன்றுக்கு மாதம் ஒரு கடிதம். அவர் கையெழுத்து அவருக்கே புரியாது என்பதால் டைப் அடிப்பது என் வேலை. இங்கிலீஷ் எழுத்துகளில் ஒன்று அடிக்கடி ஒட்டிக்கொள்கிறது. விரலால் எடுத்துவிட வேண்டும்.

அடித்து அடித்தே அவருடைய கதை எனக்குத் தெரியும். கால்வே என்ற கடற்கரை ஊர். அப்பா மீனுக்கு உப்புப் போடுகிறவர். இவர் ஸ்காலர்ஷிப்பில் டப்ளின் போய் டாக்டருக்குப் படித்தவர், ஒரு வீட்டில் ஒன்பது குடும்பம் இருக்கிற சந்துகளில் எட்டு வருடம் பிள்ளைகளுக்கு வைத்தியம் பார்த்தார். கதைப் புத்தகம் ஒன்று போட்டார். "அத வாங்கினவங்கள்ல பாதிப் பேரு எனக்குச் சொந்தக்காரங்க" என்பார். தமிழை ஆயாக்களிடம் கற்றதால் பிஷப்பையும் "நீ"தான். பிஷப் பழகிவிட்டார்.


10 செப்டம்பர், திங்கள்

இரண்டு ராத்தல் ஆறு.

இசக்கியம்மாள் வராந்தாவில் படுத்திருக்கிறாள். இரண்டு மணிக்கு ஒரு தடவை கிண்ணத்தில் பால் பீய்ச்சித் தருகிறாள். நாங்கள் சொட்டுக் குழலால் புகட்டுகிறோம். எட்டுச் சொட்டு விழுங்குவதற்குள் பிள்ளை களைத்துத் தூங்கிவிடுகிறது.


13 செப்டம்பர், வியாழன்

மீண்டும் இரண்டு ராத்தல் ஆறு. இறங்கவில்லை. ஏறவுமில்லை.

டாக்டர் அட்டையைப் பார்த்தார். "திங்கக்கெழம வரைக்கும் பாப்போம். ஏறலன்னா மூக்கு வழியாக் குழாய் போட்டுப் பால் விடணும்." குழாய் தவறி நுரையீரலுக்குப் போனால் அவ்வளவுதான். போன வருடம் ஒரு பிள்ளை அப்படிப் போனது. ஏறினால் குழாய் வேண்டாம். ஏறாமல் குழாயும் போடாவிட்டால், ஒரு வாரம் தாங்காது.

இசக்கியம்மாளுக்குச் சொன்னேன். அவள் எழுந்து போய்க் கிண்ணத்தைக் கழுவினாள்.


15 செப்டம்பர், சனி

பிள்ளை இரண்டு தடவை மூச்சை நிறுத்தியது. உள்ளங்காலைச் சுண்டியதும் மூச்சு திரும்பியது.

மத்தியானம் துணி அறையில் உட்கார்ந்து புது பிளானல் துணிக்கு விளிம்பு தைத்தேன். மடிப்பு ஓரிடத்தில் தடித்துவிட்டது. பரவாயில்லை. நானே கொண்டுபோய்ப் பெட்டிப்பிள்ளைக்குப் போர்த்தினேன்.


16 செப்டம்பர், ஞாயிறு

கோவிலுக்குப் போனேன். பிரசங்கம் நீளம்.

விடுதியில் கரப்பான் மருந்து அடிக்க எல்லாரையும் பெட்டியைத் திறக்கச் சொன்னார்கள். என் இரும்புப் பெட்டிச் சாவியைக் காணோம் என்றேன். பூட்டை உடைக்கட்டுமா என்று கேட்டார்கள். வேண்டாம், அவசரமாக எடுக்கிற மாதிரி அதில் எதுவும் இல்லை என்றேன்.


17 செப்டம்பர், திங்கள்

எடை போடும்போது நான் துணி அறையில் இருந்தேன். கைதட்டுகிற சத்தம் கேட்டது.

இரண்டு ராத்தல் ஏழு. ஒரு அவுன்ஸ் கூடியிருக்கிறது. குழாய் வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். சொர்ணத்தின் கையைப் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றினார். சொர்ணம் புட்டியைக் கீழே போட்டுவிட்டாள். மதியம் மூன்று மணிக்குள் டப்ளினுக்குக் கடிதம் தயார். "இன்று காலை உப்பின் மகள் திரும்பி நடக்கத் தொடங்கினாள்" என்று ஆரம்பம். டைப் அடித்தேன். ஆறு இடத்தில் பிழை. வழக்கமாக ஒன்றுகூட இருக்காது.

மாலைத் தபாலில் போய்விட்டது.


18 செப்டம்பர், செவ்வாய்

நல்ல வெயில். எழுத வேறெதுவும் இல்லை.


19 செப்டம்பர், புதன்

காலையில் பிள்ளையைத் துடைக்க இசக்கியம்மாளை உள்ளே விட்டோம். துணியை விலக்கி உள்ளங்கையில் ஏந்தி, ஈரப் பஞ்சால் துடைத்தாள். துடைத்து முடித்தும் கையை இறக்கவில்லை.

"யக்கா, பிள்ள கூடலியே."

"ஒரு அவுன்சு கூடியிருக்கு. தராசு சொல்லுது."

"தராசு என்னமும் சொல்லட்டும். ஒம்பது வயசுலேருந்து உப்பு சொமக்கேன். பெட்டியில ஒரு கை உப்பு கொறஞ்சா மேஸ்திரிக்கு முன்ன எந் தலைக்குத் தெரியும். போன வெள்ளிக்கெழமைக்கு இப்ப பிள்ள லேசா இருக்கு. எங் கை பொய் சொல்லாதுக்கா."

"தாய்க்கு அப்படித்தான் தோணும்" என்றேன்.

அவள் என் முகத்தைப் பார்த்தாள். பிறகு பிள்ளையைத் துணியில் வைத்துச் சுற்றினாள். சுற்றும்போது அவள் விரல் விளிம்பில் ஒரு நொடி நின்றது.

ராத்திரி சாப்பாட்டுக்குப் போகவில்லை.


20 செப்டம்பர், வியாழன்

பார்த்ததை எழுதுகிறேன்.

ஆறு மணிக்கு நானே முந்திப் போய்ப் பிள்ளையைத் தராசுக்குக் கொண்டுவந்தேன். டாக்டர் பென்சிலோடு நின்றார். துணியோடு வைக்காமல் துணியை அவிழ்த்தேன். "என்னட்டி செய்ற, குளிரும்" என்றார். பிள்ளையை வெறும் தட்டில், சூடு காட்டிய பஞ்சின் மேல் கிடத்தினேன். பஞ்சு போக இரண்டு ராத்தல் ஐந்தரை அவுன்ஸ்.

அவருக்கு விளங்கவில்லை. துணியை அவர் கையில் கொடுத்தேன். விளிம்பைத் தடவினார். மேசையிலிருந்த கத்தரியால் என் தையலைப் பிரித்தார். என் பெட்டிச் சாவி தட்டில் விழுந்தது. பழைய இரும்புச் சாவி. ஒன்றேகால் அவுன்ஸ்.

டாக்டர் சாவியைப் பார்க்கவே இல்லை. பிள்ளையை வேறு துணியில் சுற்றினார். "குழாய். மெல்லிசு. வெந்நியில போட்டு எடு" என்றார். எடுத்துக் கொடுத்தேன். குழாய் இறங்கியதும் அதன் வெளிமுனையைத் தண்ணீர்க் கிண்ணத்தில் வைத்துக் குமிழி வருகிறதா என்று பார்த்தார். வரவில்லை. வயிற்றுக்குத்தான் போயிருக்கிறது. இசக்கியம்மாளின் பால் முதல் தடவையாகப் பிள்ளை களைக்காமல் உள்ளே போனது. நாற்பது நிமிடம்.

அதற்குப் பிறகு கை கழுவிக்கொண்டு கேட்டார்.

"யாரு சாவி?"

"என்னுது."

"சொர்ணம் வைக்கச் சொன்னாளா?"

"சொர்ணம் மேல தப்பில்ல டாக்டரம்மா. அவ எங்கிட்ட ஏழு வருசத்துக்கு முன்ன சொன்னா. அப்ப நான் கேக்கல."

டாக்டர் இந்த ஊருக்கு வந்து ஆறு வருடம்தான், அதற்கு முன்னால் சின்ன அறையே கிடையாது. அவர் துண்டை மடித்து வைத்தார்.

"எடையில சேரும்னு தெரியாதா?"

"தைக்கும்போது அந்த யோசனையே வரல. திங்கக்கெழம நீங்க கைதட்டினப்பத்தான் தெரிஞ்சுது."

"மூணு நாளு."

"ஆமா."

அந்த மூன்று நாளில் குழாய் போட்டிருக்கலாம். அதை அவர் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் கேட்டுக்கொள்வது சுலபமாக இருந்திருக்கும். வேலையை விட்டு நின்றுவிடுகிறேன் என்றேன்.

"நின்னுட்டு? ரெண்டு மணிக்கு ஒரு தடவ குழாயில பாலு ஊத்த வேற ஆளு வச்சிருக்கியா? போ, அடுத்த பாலு எட்டு மணிக்கு."

வராந்தாவுக்குப் போய் இசக்கியம்மாளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் புருவத்தைச் சுருக்கிக் கேட்டுக்கொண்டிருந்தாள். "நேத்தே துணியில ஏதோ கெடக்குன்னு தெரியும். யாரோ எம் பிள்ளைக்காவ வச்சிருக்காவன்னுதான் எடுக்கல" என்றாள். பிறகு, "ஆனா எங் கை சொன்னப்ப நீங்க நம்பியிருக்கணும்க்கா" என்றாள்.


21 செப்டம்பர், வெள்ளி

சாவியைத் திருப்பித் தருவார் என்று நினைத்தேன். டாக்டர் அதை நூலில் கோத்துப் பிள்ளையின் தொட்டில் காலில் கட்டிவிட்டார். "இங்கன தொங்கட்டும். காவல் காக்கதா இருந்தா இங்கேருந்தே காக்கட்டும். தராசுல மட்டும் ஏறாண்டாம்." சொர்ணம் புடவைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு வெளியே போனாள். சிரித்தாளா அழுதாளா தெரியவில்லை.

டப்ளினுக்கு, முதல் கடிதத்தை நிறுத்தச் சொல்லி ஒரு தந்தியும் இரண்டாவது கடிதமும். டைப் அடிக்கும்போது என் பெயர் எங்கே வரும் என்று பார்த்துக்கொண்டே போனேன். வரவில்லை. "ஆறு வருடமாக நான் துணியையும் சேர்த்து எடை போட்டேன். துணிக்குள் என்ன இருக்கிறது என்று ஒரு நாளும் பார்க்கவில்லை. முறை என்னுடையது, தவறும் என்னுடையது. ஒரு தாய் தன் உள்ளங்கையால் கண்டதை என் தராசு காணவில்லை" என்று எழுதியிருந்தார்.

"இது சரியில்ல டாக்டரம்மா. தச்சது நான்" என்றேன்.

அவர் பென்சிலைக் காதில் செருகிக்கொண்டு ஜன்னலைப் பார்த்துச் சொன்னார். டப்ளினில் டிப்தீரியா வந்த ஒரு பையன் பிழைத்துவிட்டான் என்று பத்திரிகையில் எழுதினாராம். தாளில் வந்த அன்று காலையில் அவன் செத்துப்போனான். தாய் அந்தத் தாளை மடித்துக் கொண்டுவந்து அவர் மேசையில் வைத்துவிட்டுப் போனாள். "அதுக்கப்புறம், முடியறதுக்கு முன்ன எதையும் எழுத மாட்டேன்னு இருந்தேன். இந்தத் தடவ ஒரு அவுன்சப் பாத்து ஆடிட்டேன். ஒனக்கு ஆச இருந்துச்சு, எனக்கும் இருந்துச்சு. அடி."

அடித்தேன். பிழை இல்லை.


24 செப்டம்பர், திங்கள்

அதே ஐந்தரை. இறக்கம் நின்றுவிட்டது.

இனி எடை பார்க்கும் அறையில் கதவைச் சாத்தி, கரி அடுப்பு வைத்துச் சூடாக்கி, வெறும் உடம்பாக நிறுப்பது என்று முடிவு. அதற்கும் முன்னால் தாய் கையில் ஏந்திச் சொல்ல வேண்டும். எடைப் புத்தகத்தில் டாக்டர் கோடு போட்டு இரண்டு கட்டம் ஆக்கினார். முதல் கட்டம் கை. இரண்டாவது தராசு.

இசக்கியம்மாளுக்கு அவுன்ஸ் தெரியாது. சமையலறையிலிருந்து உப்பு வரவழைத்து ஒரு கை அள்ளச் சொன்னார் டாக்டர். நிறுத்தால் இரண்டு அவுன்ஸ். மூன்று தடவை அள்ளச் சொன்னார். மூன்றும் இரண்டு. "எங்க அப்பாவுக்கு நீ கெடச்சிருந்தா கடைய ஒங்கிட்டக் குடுத்துட்டுப் படுத்திருப்பாரு" என்றார் டாக்டர்.


27 செப்டம்பர், வியாழன்

கை: முக்கால் கை கூட. தராசு: இரண்டு ராத்தல் ஏழு.

இந்தத் தடவை யாரும் கைதட்டவில்லை. டாக்டர் தட்டிலிருந்து பிள்ளையை எடுக்கச் சொல்லி, மறுபடி வைக்கச் சொன்னார். மறுபடியும் ஏழு. அப்போது சொர்ணம் தட்டினாள்.


8 அக்டோபர், திங்கள்

இரண்டு ராத்தல் பதின்மூன்று. பிறந்த எடையைத் தாண்டிவிட்டது. சுடலைமுத்து நேற்று வந்தபோது பிள்ளை அவன் விரலைப் பிடித்தது. உப்பில் வெடித்த விரல். இழுக்கப் பயந்துகொண்டு அப்படியே நின்றான். "ஏய், வண்டிக்கு நேரமாச்சு" என்று இசக்கியம்மாள் இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தது.


19 அக்டோபர், வெள்ளி

குழாயை எடுத்துவிட்டோம். தாய் மார்பில் தானே குடிக்கிறது.

மழை தொடங்கிவிட்டது. உப்பளத்தில் வேலை முடிந்தது. இசக்கியம்மாள் வராந்தாவில் மற்றத் தாய்மார் பிள்ளைகளையும் கையில் வாங்கிப் பார்த்துச் சொல்கிறாள். நேற்று ஒரு பிள்ளை அரைக் கை குறைந்துவிட்டது என்றாள். நிறுத்தோம். குறைந்துதான் இருந்தது. கை என்ற கட்டத்தை எல்லாப் பிள்ளைக்கும் போட டாக்டர் உத்தரவு.


2 நவம்பர், வெள்ளி

டப்ளின் பத்திரிகை ஆசிரியரிடமிருந்து கடிதம். தந்தி போய்ச் சேர்ந்தும் அவர் முதல் கடிதத்தை நிறுத்தவில்லை. இரண்டையும் ஒரே பக்கத்தில், அருகருகே போட்டுவிட்டாராம். டாக்டருக்கு முதலில் கோபம். பிறகு அடுத்த வரியைப் படித்தார். பத்திரிகைக்கு இத்தனை கடிதம் எப்போதும் வந்ததில்லையாம். உப்பின் மகள் இப்போது என்ன எடை என்று கேட்டு, முந்நூறுக்கு மேல்.

"ஒரு பொய்யும் ஒரு மெய்யும் பக்கத்துல பக்கத்துல. நான் எழுதினதுலயே அதுதான் நல்ல பக்கம்" என்றார். இன்று முழுவதும் வார்டில் பாடிக்கொண்டே திரிந்தார். பாட்டு நன்றாக இல்லை.


26 நவம்பர், திங்கள்

நாலு ராத்தல் மூன்று. வியாழன் வீட்டுக்கு.

அயர்லாந்திலிருந்து விமானத் தபாலில் ஒரு பொட்டலம். உள்ளே நாற்பத்தொரு கம்பளித் தொப்பி. பெட்டிப்பிள்ளைக்கு என்று வாசகிகள் பின்னியவை. ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தோம். எல்லாம் மூக்கு வரை இறங்கிவிட்டது. சொர்ணம், "அந்த ஊர்ல பிள்ளைய மண்ட பூசணிக்கா கணக்கால்லா இருக்கும் போல" என்றாள். டாக்டர் தன் தலையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

வெளியே குளிர்ந்த மழை. தொப்பி வேண்டும்தான்.


28 நவம்பர், புதன்

தொட்டில் காலில் இருந்த சாவியை அவிழ்த்துக்கொள்ளலாமா என்று இசக்கியம்மாளிடம் கேட்டேன்.

"ஒங்க சாவிதானக்கா."

"இல்ல, ஒம் பிள்ளைக்கு..."

"அவளுக்கு இனி எதுக்கு? கத்துற கத்துக்குக் காத்து கருப்பு அந்தப் பக்கமே ஓடிரும்" என்றாள்.

விடுதிக்குப் போய்ப் பெட்டியைத் திறந்தேன். பூட்டு இறுகியிருந்தது, எண்ணெய் விட்டேன். ஏழு வருடத்துக்கு முன்பு என் பிள்ளைக்கு என்று பின்னிய சின்ன வெள்ளைத் தொப்பியை எடுத்தேன். அந்துருண்டை வாசம் போகத் துவைத்து ஜன்னலில் போட்டிருக்கிறேன்.


29 நவம்பர், வியாழன்

ஆறு மணிக்கே எல்லாரும் கூடிவிட்டார்கள். சமையல்காரர்கூட வந்து கதவோரம் நின்றார். இசக்கியம்மாள் பிள்ளையைக் கையில் ஏந்தினாள். கண்ணை மூடவில்லை. பிள்ளையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"திங்கக்கெழமைக்கு மேல ஒரு கை. முழுக்கை."

முதல் கட்டத்தில் எழுதினேன். பிறகு தராசு. முள் ஆடி நின்றது. நாலு ராத்தல் ஐந்து அவுன்ஸ். ஒரு நூல்கூட முன்பின் இல்லை. சொர்ணம் போட்ட சத்தத்தில் பிள்ளை விழித்துக் கத்தியது. அந்தக் கத்தலைக் கேட்டு எல்லாரும் சிரித்தார்கள். டாக்டர் டெம்ப்சி சுவரில் சாய்ந்து நின்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

தொப்பியைப் போட்டேன். அளவு சரியாக இருந்தது.

"யாரு பின்னினது? இதுவும் அயர்லாந்தா?" என்று இசக்கியம்மாள் கேட்டாள்.

"இல்ல, இங்கதான்" என்றேன்.

அவள் என் கையைப் பிடித்து, ஏந்திய பிள்ளையை என் உள்ளங்கைக்கு மாற்றினாள். இந்த மூன்று மாதத்தில் நான் குழாய் போட்டிருக்கிறேன், நிறுத்திருக்கிறேன், துடைத்திருக்கிறேன். சும்மா ஏந்தியதில்லை. "எம்புட்டு இருக்குன்னு சொல்லுங்க பாப்போம்" என்றாள். சொல்லத் தெரியவில்லை. கனமாக இருந்தது.

சுடலைமுத்து அதே ஓலைப்பெட்டியைக் கொண்டுவந்திருந்தான். பிள்ளை அதில் அடங்கவில்லை. இசக்கியம்மாள் அவளைத் தோளில் போட்டுக்கொண்டு, பெட்டியை அவன் தலையில் கவிழ்த்துவிட்டு, மழையில் வண்டிக்கு நடந்தாள்.

மதியம் இரண்டு மணி. டாக்டர் காய்ச்சல் அட்டைகளைக் கொடுத்தார். கடைசி அட்டை வெறுமையாக இருந்தது. "முடிவ நீ அடி. பாத்தத மட்டும்" என்றார். தாளைச் செருகி, "நாலு ராத்தல் ஐந்து அவுன்ஸ், கையிலும் தராசிலும்" என்று இங்கிலீஷில் அடித்தேன்.

வாசித்துவிட்டு, "வேற?" என்றார்.

"வேற வேண்டாம் டாக்டரம்மா."

தாளை உருவிக் கையெழுத்துப் போட்டார். தன் பெயருக்குக் கீழே என் பெயரையும் எழுதினார். எப்சிபா. அவர் கையெழுத்துதான், ஆனால் படிக்க முடிந்தது.

விடுதியில் என் பெட்டியின் பூட்டில் சாவி தொங்குகிறது. நான் அதைப் பூட்டவில்லை.